ஐரோப்பா எப்படி இருக்கு?

மனிதர்களில் நிலவரக்காரர் என்று ஓர் இனம் உண்டு. கைரேகை பார்ப்பவர், மழை வருமா வராதா என்று சொல்பவர், இரண்டு இலக்க லாட்டரியில் இன்றைக்கு எந்த எண் விழும் என்று காதில் ஓதுபவர் எல்லாரும் இவருக்குத் தூரத்துச் சொந்தம்தான். ஆனால் அந்த உறவை இவர் ஒப்புக்கொள்ள மாட்டார். அவர்கள் நாளை நடக்கப்போவதை உத்தேசமாகச் சொல்கிறவர்கள். நிலவரக்காரரோ இன்று நடந்துகொண்டிருப்பதைத் திட்டவட்டமாகச் சொல்கிறவர், அதுவும் ஐயாயிரம் மைலுக்கு அப்பால் நடப்பதை. தெருமுனைக் குழாயில் தண்ணீர் வருகிறதா என்று அவரிடம் கேட்டுப் பாருங்கள். தெரியாது என்பார். அப்படிச் சொல்வதில் அவருக்கு ஒரு பெருமையும் இருக்கும்.

நீங்கள் எந்த ஊரில் இருந்தாலும் இந்த இனத்தில் ஒருவரையாவது சந்தித்திருப்பீர்கள். ஒருவர் தங்கத்தின் நிலவரத்தைக் கையில் வைத்திருப்பார். இன்னொருவரிடம் டாலர். வேறொருவர் அரபு நாடுகளை மொத்தமாக எடுத்துக்கொண்டிருப்பார். இந்த இலாகாக்களை இவர்களுக்குப் பங்கிட்டுக் கொடுத்தது யார்? எந்த மந்திரி சபை? தெரியாது. ஆனால் யாங்கோனில், தாமுவே சந்தைக்குப் பின்னால் இருக்கும் தெருவில், ஒரு சாயக்கடை வாசலில் உட்கார்ந்திருந்த பொன்னுத்துரையின் இலாகா எது என்பதில் அங்கே யாருக்கும் சந்தேகம் கிடையாது. ஐரோப்பாவின் ரசாயனத் தொழில் முழுவதும், அதன் லாபம், நட்டம், மூலப்பொருள், மின்கட்டணம், தொழிலாளர் சங்கம், ரைன் நதியின் நீர்மட்டம் உட்பட, அவர் பொறுப்பில் இருந்தது.

பொன்னுத்துரை ஐரோப்பாவைப் பார்த்ததில்லை. அதை ஒரு குறையாக யாரும் நினைக்கவில்லை. அவர் நினைக்கவே இல்லை. ஊர் எல்லையில் ஆற்றைக் கடக்கிற தன்லியின் பாலத்தைத் தாண்டியதே வாழ்க்கையில் இரண்டு தடவைதான், இரண்டும் கல்யாணத்துக்கு. ஆனால் ஆண்ட்வெர்ப் துறைமுகத்தில் எந்தக் கிட்டங்கி எந்தப் பக்கம் என்று அவர் கையை நீட்டிக் காட்டும்போது, எதிரே ஷாஹுலின் பைப்புக் கடைதான் இருக்கிறது என்பது கேட்கிறவர்களுக்கு மறந்துபோகும்.

கடை சிறியது. காஸ்டிக் சோடா, பிளீச்சிங் பவுடர், சாயம், சூடம், கொஞ்சம் அமிலம். இதில் முக்கியமானது எதுவும் உள்ளே இல்லை. முக்கியமானது வாசலில் இருந்தது. நீல நிறத்தில் ஓர் இரும்பு டிரம். தொண்ணூற்றாறாம் வருடம் வாங்கியது. உள்ளே ஐம்பது கிலோ கருஞ்சிவப்புச் சாயத்தூள், மூடி திறக்கப்படாமல். பக்கவாட்டில் வெள்ளை எழுத்தில் ஒரு ஜெர்மன் கம்பெனியின் பெயர். பொன்னுத்துரை அதை உச்சரிக்கும்போது நடுவில் ஓர் இருமல் வரும், அதுவும் உச்சரிப்பில் சேர்ந்தது. டிரம்மின் மேல் ஒரு பஞ்சுத் தலையணை. தலையணையின் மேல் பொன்னுத்துரை. பன்னிரண்டு வருடமாக இந்த வரிசை மாறியதில்லை.

யாராவது அந்த டிரம்மை விலைக்குக் கேட்டால் அவருக்கு வருத்தம் வரும். கோபம் இல்லை, வருத்தம்தான். அசல் ஜெர்மன் சாயம் என்று ஒன்று இருந்ததற்கு மிச்சமிருக்கும் அடையாளம் அதுதான் என்பார். அதற்குப் பிறகு, சொல்லிவைத்து வரவழைத்தால் தவிர, வந்ததெல்லாம் சீனா, இல்லாவிட்டால் நம்ம ஊர்ப் பக்கத்துச் சரக்கு. கடலூரில்கூட இப்போது சாயம் செய்கிறார்களாம், தன் தாத்தா அந்தப் பக்கத்திலிருந்துதான் கப்பல் ஏறினார் என்பதற்காகப் பொய் சொல்ல முடியாது, மூன்று அலசல் தாங்காது, நாலாவது அலசலில் வேட்டி வேட்டியாகவும் சாயம் சாயமாகவும் பிரிந்துவிடும்.

இவ்வளவும் அவருக்கு எங்கிருந்து தெரிகிறது? இரண்டு ஊற்றுகள். ஒன்று, பேட்டரியில் ஓடும் ஒரு சிற்றலை வானொலி. சாயங்காலம் லண்டனிலிருந்து தமிழில் செய்தி வரும்; அதில் ஐரோப்பா என்ற சொல் வந்ததும் தெருவே பேசாமல் இருக்க வேண்டும். இன்னொன்று, சென்னையில் இருக்கும் ஒரு மைத்துனர் யார் மூலமாகவோ கொடுத்தனுப்பும் பழைய வாணிகப் பத்திரிகைகள், ஐந்து மாதம் பிந்தி, சில சமயம் புளியைச் சுற்றி வரும். ஆக, செய்திச் சுருக்கம் அன்றைக்கே, விளக்கம் ஐந்து மாதம் கழித்து. நடுவில் இருந்த ஐந்து மாதத்தைப் பொன்னுத்துரை தன் சொந்தப் பொறுப்பில் நிரப்பிக்கொண்டார்.

பக்கத்தில் தேநீர்க் கடை. அதன் குட்டை முக்காலிகள் நடைபாதையில் வழிந்து அவருடைய டிரம் வரைக்கும் வந்துவிடும். ஒரு தேநீர் வாங்குவார், ஒன்றுதான். மேசைக்கு மேசை இலவசமாக வைக்கிற வெறுந்தேநீர்க் குடுவையை மூன்று தடவை நிரப்பச் சொல்வார். முதல் குடுவையில் மூலப்பொருள் விலை. இரண்டாவதில் பிரஸ்ஸல்ஸில் கொண்டுவந்த புதுச் சட்டம்: இனிமேல் அங்கே ஒரு மூட்டை சோடா விற்பதற்கு ஒன்பது மூட்டை காகிதம் எழுதிக் கொடுக்க வேண்டும், எவன் எழுதுவான்? மூன்றாவதில் மின்சாரம். ஜெர்மன்காரன் மின்கட்டணத்தைத் தாங்க முடியாமல் எப்படித் தவிக்கிறான் என்பதை அவர் உருக்கமாகச் சொல்லிக்கொண்டிருந்த ஒரு நாள், தாமுவேயில் மின்சாரம் போய்ப் பதினாலு மணி நேரம் ஆகியிருந்தது. மெழுகுவத்தி வெளிச்சத்தில் எல்லாரும் ஜெர்மனிக்காக உச்சுக் கொட்டினார்கள்.

எதைச் சொன்னாலும் "இதுக்கு மூணு காரணம்" என்றுதான் ஆரம்பிப்பார். முதல் காரணம் நீளமாக இருக்கும். இரண்டாவது அதைவிட நீளம். மூன்றாவதற்கு வரும்போது யாராவது பிளீச்சிங் பவுடர் கேட்டு வந்துவிடுவார்கள். எழுந்துபோய் எடைபோட்டுக் கொடுத்துவிட்டு வந்து உட்காரும்போது பேச்சு வேறு எங்கோ போயிருக்கும். மூன்றாவது காரணத்தைத் தாமுவேயில் இதுவரை யாரும் கேட்டதில்லை.

நிலவரக்காரர் தனியாக வாழ முடியாது. அவருக்கு ஒரு கேட்பவர் வேண்டும். பொன்னுத்துரைக்கு வாய்த்தவர் வடிவேல், பக்கத்துப் பேட்டையான தின்கன்ஜூனில் சாயப்பட்டறை வைத்திருந்தவர். வாரத்துக்கு இரண்டு தடவை சாயம் வாங்க வருவார். ஒரு தடவை வந்தால் போதும், ஆனாலும் இரண்டு தடவை வருவார். வந்து முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, வேறு ஒன்றும் சொல்லாமல், "ஐரோப்பா எப்படி இருக்குண்ணே?" என்பார். "மோசம் வடிவேலு, ரொம்ப மோசம்" என்பார் பொன்னுத்துரை, முகமெல்லாம் மலர்ந்து.

வீட்டுக்குப் போனதும் வடிவேல் இதையெல்லாம் அவர் மாதிரியே இருமலோடு நடித்துக் காட்டுவார். மனைவி சொர்ணம்மாள் சாயத்தொட்டிக் கரையில் நின்று சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொள்வாள். பாவம் அந்த மனுஷன், ஏன் அவரைக் கிண்டல் செய்கிறீர்கள், சரக்கை வாங்கிக்கொண்டு வந்துவிட வேண்டியதுதானே என்றும் கேட்பாள். அதற்கு வடிவேல், சரக்கு எந்தக் கடையிலும் கிடைக்கும், ஐரோப்பா அங்கே மட்டும்தான் கிடைக்கும் என்பார்.

இரண்டாயிரத்து ஏழில், மழை விட்ட சமயத்தில், வடிவேல் நெஞ்சுவலியில் போய்விட்டார். மூன்றாம் நாள் பொன்னுத்துரை துக்கம் கேட்க வந்தார். கூடத்தில் மற்ற ஆண்களோடு ஒரு மணி நேரம் வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்தார். எழுந்து போகும்போது சொர்ணம்மாள் இருந்த பக்கம் வந்து நின்றார். கடைசியில், பெல்ஜியத்தில் ஒரு காஸ்டிக் ஆலையை மூடிவிட்டார்கள் என்று சொன்னார். சொல்லிவிட்டு செருப்பைத் தேடிக்கொண்டு போய்விட்டார்.

அங்கிருந்த பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். சொர்ணம்மாளுக்கு மட்டும் அவர் என்ன சொன்னார் என்பது புரிந்தது.

பட்டறையை அவளே எடுத்து நடத்தினாள். அடுத்த மே மாதம் அடித்த புயல் கூரையைப் பிடுங்கிக்கொண்டு போனது. வாடிக்கைக்காரர்களில் பாதிப் பேர் கூரை போட்ட வேறு பட்டறைக்குப் போனார்கள். மிஞ்சியதில் பெரியது டோ ஏ மியாவின் வேலைதான். டோ ஏ மியா, தாமுவேயில் பிக்குகளுக்குத் தானம் செய்யும் பொருள்கள் விற்கிற கடைக்காரி. கதின விழாவுக்கு அறுநூறு துவராடைக்குத் துணி கொடுத்துச் சாயம் தோய்த்து வாங்குவாள். அந்த ஆடையைத் தானம் செய்வதற்கு வருடத்தில் ஒரே ஒரு மாதம்தான்: அக்டோபர்ப் பௌர்ணமியிலிருந்து நவம்பர்ப் பௌர்ணமி வரை. அது முடிந்த மறுநாள் அறுநூறும் வெறும் துணி.

டோ ஏ மியா ஒரு நிபந்தனை வைத்திருந்தாள். வேறொரு பட்டறையில் போன வருடம் மலிவுச் சாயத்தில் தோய்த்த ஆடையை உடுத்திய ஒரு பெரிய பிக்கு மழையில் நனைந்து, மூன்று நாள் செங்கல் நிறத்தில் நடமாடியிருக்கிறார். ஆகவே வடிவேல் கொடுத்துவந்த அதே நிறம், அதே கெட்டிச் சாயம். மாதிரித் துண்டு ஒன்றை இரண்டாக வெட்டி, பாதியைத் தான் வைத்துக்கொண்டு மறுபாதியைச் சொர்ணம்மாளிடம் கொடுத்திருந்தாள். இந்த வருடம் சரியாக வந்தால் இனி எல்லா வருடமும் சொர்ணம்மாளுக்கே. வராவிட்டால் துணியை வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவாள். அப்புறம் தொட்டியைக் கவிழ்த்து வைக்க வேண்டியதுதான்.

செப்டம்பர் முதல் வாரத்திலேயே சொர்ணம்மாள் தாமுவேக்குப் பேருந்து ஏறினாள். அந்த ஐரோப்பியச் சாயம் சிங்கப்பூர் வழியாக வர வேண்டும், மூன்று வாரம் ஆகும் என்று அவளுக்குத் தெரியும். முக்காலியில் உட்காராமல் நின்றபடியே சொன்னாள்: வழக்கமான கருஞ்சிவப்பு, முப்பது கிலோ, இன்றைக்கே இறக்குமதிக்காரரிடம் சொல்லிவிடுங்கள்.

நிலவரக்காரரிடம் ஒரு பொருளை அவசரமாகக் கேட்பதைவிடப் பெரிய தவறு கிடையாது. பொன்னுத்துரை தலையணையைத் தட்டிச் சரிசெய்துகொண்டார். தங்கச்சி, உனக்குச் சரக்கு வேண்டுமா, இல்லை நஷ்டம் வேண்டுமா என்று கேட்டார். எண்ணெய் விலை உச்சியில் ஏறி உட்கார்ந்திருந்தது, இப்போது இறங்குகிறது. எண்ணெய் இறங்கினால் நாப்தா இறங்கும். நாப்தா இறங்கினால் சாயத்துக்கான மூலச்சரக்கெல்லாம் இறங்கும். கார் விற்கவில்லை, பெயிண்ட் விற்கவில்லை, ஆலைகளில் சரக்கு மலை மலையாகக் கிடக்கிறது. இன்றைக்கு வாங்குகிறவன் முட்டாள். இரண்டு வாரம் பொறு.

"காத்திருக்க நேரமில்லண்ணே. பௌர்ணமி காத்திருக்காது."

"பௌர்ணமி எங்கே போயிடும் தங்கச்சி. வடிவேலு இருந்தா நான் சொல்றதைக் கேட்டிருப்பான்."

அந்த ஒரு வாக்கியத்தில் அவள் மாட்டிக்கொண்டாள். வடிவேல் கேட்டிருப்பார்தான், கேட்டுவிட்டு, சரக்கை அன்றைக்கே வாங்கிக்கொண்டும் போயிருப்பார். அந்தச் சாமர்த்தியம் அவளுக்கு அப்போது வரவில்லை. இரண்டு வாரம் என்று ஒப்புக்கொண்டு வந்துவிட்டாள்.

இரண்டு வாரத்தில் என்ன நடந்தது என்பது உங்களுக்கும் தெரியும். அமெரிக்காவில் ஒரு பெரிய வங்கி விழுந்தது. பொன்னுத்துரை வானொலியை மடியில் வைத்துக்கொண்டு கேட்டார். இன்னும் விழும், இரண்டு வாரம் பொறு என்று சொல்லியனுப்பினார். அக்டோபரில் பங்குச் சந்தைகள் விழுந்தன. இன்னும் விழும். எண்ணெய் பாதி விலைக்கு வந்தது. ஐரோப்பாவின் ஆலைகள் ஒவ்வொன்றாக விலையைக் குறைத்தன. அவர் சொன்னதெல்லாம், ஒன்றுவிடாமல், சொன்ன வரிசையிலேயே நடந்துகொண்டிருந்தது.

நிலவரக்காரர்களின் வாழ்க்கையில் இப்படி ஒரு பருவம் ஒரு தடவைதான் வரும். பலருக்கு அதுவும் வராது. பொன்னுத்துரைக்கு வந்தது. சாயங்காலம் நாலு மணிக்கே முக்காலிகள் நிறைந்தன. சைக்கா என்கிற மூன்று சக்கர மிதிவண்டி ஓட்டுகிறவர்கள்கூட வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டு வந்து, தமிழ் தெரிந்தவர் யாரிடமாவது அர்த்தம் கேட்டுக்கொண்டார்கள். அக்டோபர் கடைசியில் ஒரு நாள் அவர் எல்லாருக்கும் தன் செலவில் தேநீர் சொன்னார். தேநீர்க் கடைக்காரர் இரண்டு தடவை கேட்டு உறுதிசெய்துகொண்டார்.

அன்றைக்குத்தான் சொர்ணம்மாள் மறுபடி வந்தாள். காலையில் டோ ஏ மியா பட்டறைக்கு வந்து போயிருந்தாள். மடித்து அடுக்கியிருந்த அறுநூறு வெள்ளைத் துணியையும் ஒரு தடவை பார்த்தாள், காய்ந்து கிடந்த தொட்டியை ஒரு தடவை பார்த்தாள். சத்தம் போடவில்லை. நவம்பர் ஒன்றாம் தேதி வண்டி அனுப்புகிறேன், சாயம் ஏறியிருந்தால் விட்டுவிட்டு வருவான், ஏறியிருக்காவிட்டால் துணியை ஏற்றிக்கொண்டு வருவான் என்று சொல்லிவிட்டுப் போனாள். அதற்கு மூன்று நாள் இருந்தது.

பொன்னுத்துரை அவளைக் கண்டதும் கையைத் தூக்கினார்.

"வா தங்கச்சி. நான் என்ன சொன்னேன்? விழும்னேன். விழுந்துச்சா இல்லையா? பாய், நீங்க சொல்லுங்க."

"விழுந்துச்சுண்ணே," என்றார் பைப்புக் கடை ஷாஹுல். "எந்திரிக்கிற மாதிரிதான் தெரியல."

சொர்ணம்மாள் எல்லாரும் சிரித்து முடிக்கும்வரை நின்றாள். பிறகு, சரக்கு எப்போது வரும் என்று கேட்டாள்.

பொன்னுத்துரை விளக்க ஆரம்பித்தார். விலை விழுந்துவிட்டது, அது உண்மை. ஆனால் விழுந்த விலைக்கு ஆலைக்காரனுக்குக் கட்டுப்படியாகவில்லை. அவன் உலையை அணைத்துவிட்டான். டிசம்பரில் விடுகிற கிறிஸ்துமஸ் விடுமுறையை அக்டோபரிலேயே விட்டுவிட்டான். சிங்கப்பூர்க் கிட்டங்கியில் பழைய சரக்கு தீர்ந்தது, புதிது வரவில்லை. இறக்குமதிக்காரர் நேற்றுத்தான் சொன்னார், ஊரில் எந்தக் கடைக்கும் ஜனவரிக்கு முன்னால் ஒன்றும் இல்லையென்று. இதுக்கு மூணு காரணம் தங்கச்சி...

"இருக்கட்டும்ணே," என்றாள் சொர்ணம்மாள். "இதை டோ ஏ மியாகிட்ட பர்மா பாஷையில எப்படிச் சொல்றதுன்னு மட்டும் சொல்லிக் குடுங்க. எனக்கு அவ்வளவு பாஷை வராது."

ஐரோப்பா முழுவதும் பொன்னுத்துரைக்குத் தெரிந்திருந்தது. தின்கன்ஜூனில் ஒரு தொட்டி காய்ந்து கிடப்பது அப்போதுதான் தெரிந்தது.

ஷாஹுல் தன் கோப்பையைக் கீழே வைத்தார்.

"அண்ணே. நீங்க உக்காந்திருக்கீங்களே, அதுக்குள்ள என்ன இருக்கு?"

எல்லாருடைய கண்ணும் டிரம்முக்குப் போனது. பொன்னுத்துரை இரண்டு கைகளாலும் தலையணையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டார். "இது சரக்கு இல்ல பாய். சாட்சி," என்றார்.

சொர்ணம்மாள் அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டால் கொடுத்துவிடுவார் என்று தோன்றியதால்தான் கேட்கவில்லை. பேருந்து ஏறிப் போய்விட்டாள்.

மறுநாள் காலை எட்டு மணிக்கு அவள் வாசலில் ஒரு சைக்கா வந்து நின்றது. பயணி உட்காரும் இடத்தில் நீல டிரம் கயிறு போட்டுக் கட்டப்பட்டிருந்தது. பக்கத்தில் பொன்னுத்துரை, தாமுவேயிலிருந்து நடந்தே வந்திருக்கிறார், மணமகனை அழைத்து வருகிற மாமன் மாதிரி டிரம்மின் மேல் ஒரு கை வைத்துக்கொண்டு. தலையணையைக் கக்கத்தில் இடுக்கியிருந்தார்.

"முப்பது கிலோதானே எடுப்பே. மிச்சத்தை அடுத்த வருஷத்துக்கு வேற ஏதாவதுல கொட்டி வச்சுக்கோ. டிரம்மை மட்டும் அனுப்பிடு. உக்காரணும்," என்றார்.

மூடியைத் தானேதான் திறப்பேன் என்றார். திருப்புளியால் நெம்பினார்; பன்னிரண்டு வருடத்துப் பிடிவாதம், லேசில் விடவில்லை. திறந்ததும் ஒரு சிட்டிகை எடுத்து விரலில் தேய்த்துப் பார்த்தார். ரைன் நதிக்கரைச் சரக்கு என்றால் சும்மாவா, தூளைத் தொட்டாலே தெரியும் என்றார். சொர்ணம்மாள் அவசரமாகத் தண்ணீரைச் சுட வைத்தாள். காஸ்டிக் போட்டாள், சாயம் கரைவதற்கான ஹைட்ரோஸ் உப்பைப் போட்டாள், சாயத்தைக் கரைத்தாள், முதல் துணியை முக்கினாள்.

அந்தச் சாயம் தொட்டிக்குள் தன் நிறத்தைக் காட்டாது. துணி வெளியே வரும்போது அழுக்குப் பச்சையாகத்தான் இருக்கும். தெரியாதவர்கள் எல்லாம் பாழாகிவிட்டது என்று நினைத்துக்கொள்வார்கள். காற்றுப் படப் பட, பார்த்துக்கொண்டிருக்கும்போதே, ஓரத்திலிருந்து சிவப்பு ஏறும். அன்றைக்கும் ஏறியது. சொர்ணம்மாள் வடிவேலின் மாதிரித் துண்டைப் பக்கத்தில் பிடித்துப் பார்த்தாள். இரண்டும் ஒன்றாக இருந்தன.

பொன்னுத்துரை நாற்பது வருடம் சாயம் விற்றவர். ஒரு துணி நிறம் மாறுவதை அவர் பார்த்தது அன்றைக்குத்தான் முதல் தடவை. ஒரு காரணம்கூடச் சொல்லாமல் பார்த்துக்கொண்டு நின்றார்.

சொர்ணம்மாளும் பட்டறைப் பெண்கள் இருவரும் இரவு பகல் பார்க்காமல் தோய்த்தார்கள். ஒன்றாம் தேதி டோ ஏ மியாவின் வண்டிக்காரன் வந்தபோது முந்நூறு துணி சிவந்து கொடியில் கிடந்தது. பார்த்துவிட்டு வெறும் வண்டியோடு திரும்பிப் போனான். ஐந்தாம் தேதி அறுநூறும் போய்ச் சேர்ந்தது. டோ ஏ மியா ஒரு துணியை வாளித் தண்ணீரில் ஊற வைத்து, தண்ணீர் தெளிவாகவே இருப்பதைப் பார்த்துவிட்டு, அடுத்த வருடத்துக்கு எண்ணூறு என்றாள்.

மறுநாள் சொர்ணம்மாள் மிச்சத் தூளை வேறு டப்பாவில் மாற்றிவிட்டு டிரம்மைக் கழுவ உட்கார்ந்தாள். உட்காருகிறவர் கைலியில் சாயம் படக் கூடாதல்லவா? உள்ளே மூன்று தடவை அலசினாள். கவிழ்த்துப் போட்டு அடிப்பக்கத்தைத் தேய்த்தாள். பன்னிரண்டு வருடத்துத் தாமுவே மண் கரைந்து போனதும் அடித்தகட்டில் எழுத்து தெரிந்தது. ஆங்கில எழுத்து. எட்டாவது வரை படித்தவள். கூட்டிக் கூட்டிப் படித்தாள். பக்கவாட்டில் இருந்த அதே ஜெர்மன் கம்பெனியின் பெயர்தான். அதற்குக் கீழே, அதன் இந்தியக் கிளை. அதற்குக் கீழே, தயாரித்த இடம்: கடலூர்.

மறுபடி படித்தாள். கடலூரேதான்.

அவளுக்குச் சிரிப்பு வந்தது. முதலில் மெதுவாக, பிறகு அடக்க முடியாமல். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, ஈரத்தரையில் உட்கார்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். இதைச் சொல்ல வேண்டுமே என்று வீட்டுப் பக்கம் தலையைத் திருப்பினாள். திருப்பிய பிறகுதான், சொல்ல அங்கே ஆள் இல்லை என்பது நினைவு வந்தது. ஒரு வருடமாகப் பல தடவை அது நினைவு வந்திருக்கிறது. சிரிக்கும்போது வந்தது அன்றைக்குத்தான்.

சைக்காவில் டிரம்மை ஏற்றிக்கொண்டு போகும்போது வழியெல்லாம் அதைச் சொல்லும் விதத்தை ஒத்திகை பார்த்துக்கொண்டே போனாள். ஷாஹுல் பாய் இருக்க வேண்டும். முக்காலிகள் நிறைந்திருக்க வேண்டும். அண்ணே, அடியில ஏதோ எழுதியிருக்கு, கொஞ்சம் படிச்சுச் சொல்லுங்க என்று கேட்க வேண்டும். இரண்டு மாதம் அவளைத் தவிக்கவிட்டவருக்கு இதுகூட இல்லாவிட்டால் எப்படி?

தாமுவேயில் பொன்னுத்துரை கடை வாசலில் நின்றுகொண்டிருந்தார். ஷாஹுல் இரவல் கொடுத்த பிளாஸ்டிக் நாற்காலி பக்கத்தில் கிடந்தது. அதில் உட்கார்ந்தால் ஜெர்மனி வாயில் வரவில்லையாம். ஒரு வாரமாக நின்றுகொண்டே இருக்கிறார் என்று ஷாஹுல் சொன்னார். முக்காலிகளில் நாலைந்து பேர்தான். வானொலி மூடிக் கிடந்தது. சொர்ணம்மாளைப் பார்த்ததும் அவர் முதலில் அவள் முகத்தைத்தான் பார்த்தார், டிரம்மை அல்ல.

"அம்மா ஒத்துக்கிச்சா?" என்றார், டோ ஏ மியாவைப் பற்றி.

ஒத்துக்கொண்டாள், அடுத்த வருடம் எண்ணூறு என்றாள் சொர்ணம்மாள். அவர் தலையை ஆட்டினார். பிறகு மெதுவாக, தான் செய்தது தப்புதான் என்று ஆரம்பித்து, எங்கே முடிப்பது என்று தெரியாமல் நிறுத்தினார்.

சொர்ணம்மாள் டிரம்மை இறக்கினாள். அடித்தகடு தரையோடு படிய, ஜெர்மன் பெயர் தெருவைப் பார்க்க, பழைய இடத்திலேயே நிறுத்திவைத்தாள். தலையணையை வாங்கித் தட்டி மேலே போட்டாள். அவர் உட்கார்ந்தார். காலி டிரம் டங்கென்று ஒரு சத்தம் போட்டது. அவள் ஒரு முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு எதிரே உட்கார்ந்தாள்.

"ஐரோப்பா எப்படி இருக்குண்ணே?"

பொன்னுத்துரை அவளை நிமிர்ந்து பார்த்தார். ஒரு வருடமாக யாரும் அப்படிக் கேட்டதில்லை.

"மோசம் தங்கச்சி," என்றார். "ரொம்ப மோசம். மூணு காரணம்."

முதல் காரணம் நீளமாக இருந்தது. இரண்டாவது அதைவிட நீளம். நடுவில் ஒரு பெண் பிளீச்சிங் பவுடர் கேட்டு வந்தாள். ஷாஹுல் தானே எழுந்துபோய் எடைபோட்டுக் கொடுத்தார்.

"மூணாவது என்னண்ணே?" என்றாள் சொர்ணம்மாள்.

அவர் தெருவின் இரண்டு பக்கமும் பார்த்தார். உதவிக்கு யாரும் வரவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"மூணாவது, எல்லாரும் காத்துக்கிட்டிருந்தாங்க தங்கச்சி. ஊருக்கு ஒருத்தன் வாசல்ல உக்காந்துக்கிட்டு, விழட்டும் விழட்டும், அப்புறம் வாங்கலாம்னு. வாங்குறவன் இல்லாம எந்த ஆலை ஓடும்?" கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "அதுல ஒருத்தன் தாமுவேயில இருந்தான்."

"டீ ஆறுதுண்ணே," என்றாள் சொர்ணம்மாள். "குடிங்க."

அடியில் எழுதியிருந்ததை அவள் அன்றைக்குச் சொல்லவில்லை. பிறகும் சொல்லவில்லை. வாரத்துக்கு இரண்டு தடவை வந்தாள். ஒரு தடவை போதும்தான்.

இதைப் படித்துவிட்டு, பாவம் அந்தப் பொன்னுத்துரை என்று நீங்கள் சிரிக்கலாம். சிரியுங்கள். ஆனால் அடுத்த தடவை நாலு பேர் நடுவில் நீங்கள் தங்கத்தைப் பற்றியோ, டாலரைப் பற்றியோ, உங்களுக்கென்று ஒதுக்கப்பட்ட எதைப் பற்றியோ பேசும்போது, எதிரே ஒருவர் மட்டும் கன்னத்தில் கை வைத்துக்கொண்டு, குறுக்கே பேசாமல், மூன்றாவது காரணம் என்ன என்று அன்பாகக் கேட்டால், கொஞ்சம் ஜாக்கிரதையாக இருங்கள். நீங்கள் உட்கார்ந்திருப்பதன் அடிப்பக்கத்தை அவர் ஏற்கனவே பார்த்திருக்கக்கூடும். அங்கே எந்த ஊர் பெயர் எழுதியிருக்கிறது என்று குனிந்து தேடாதீர்கள். பதில் சொல்லுங்கள். டீ ஆறிவிடும்.